சொபோனிஸ்பா என்னும் ஓவியர்

ஸ்பெயின் நாட்டின் தலைநகரான மாட்ரிட்டில் பிராடோ என்னும் பெரிய கலைக்கூடம் உள்ளது. அங்கே மன்னர் இரண்டாம் பிலிப்பின் உருவப்படம் ஒன்றைக் காணலாம். கரிய உடை, கையில் செபமாலை, அமைதியான பார்வை. பேரரசர் ஒருவரின் ஆரவாரம் எதுவும் அதில் இல்லை. அரண்மனை ஓவியர் சான்செஸ் கோயெல்யோ வரைந்த படம் இது என்றே அறிஞர்கள் நெடுங்காலம் எண்ணியிருந்தனர். அவரல்லர், இத்தாலியிலிருந்து வந்த பெண்மணி ஒருவரே இதனைத் தீட்டினார் என்பது 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலேதான் நிலைபெற்றது. அப்பெண்மணியே சொபோனிஸ்பா அங்குயிசோலா. தம் காலத்தில் ஐரோப்பா எங்கும் புகழ்பெற்றிருந்த ஒருவரின் பெயர் அவருடைய படங்களிலிருந்தே எவ்வாறு மறைந்தது? அவரது வாழ்க்கையே அதற்கு விடை கூறுகிறது.

வட இத்தாலியிலுள்ள கிரெமோனா நகரில், 1532ஆம் ஆண்டை ஒட்டி அவர் பிறந்தார். தந்தை அமில்காரே, தாய் பியாங்கா. உயர்குடியினர், ஆயினும் பெருஞ்செல்வர் அல்லர். ஐந்து பெண் பெற்றால் அரசனும் ஆண்டி என்பது நம் நாட்டுப் பழமொழி. அமில்காரேவுக்கோ பெண்மக்கள் அறுவர், மகன் ஒருவன். மணக்கொடை அங்கும் பெருஞ்சுமையாக இருந்த காலம் அது. ஆயினும் அவர் மனந்தளரவில்லை. பெண்கள் அனைவர்க்கும் நல்ல கல்வி அளித்தார். மூத்தவளாகிய சொபோனிஸ்பாவையும் அடுத்தவளாகிய எலெனாவையும் 1546ஆம் ஆண்டளவில் பெர்னார்தினோ காம்பி என்னும் ஓவியரிடம் பயில அனுப்பினார்.

இது துணிவான செயல். அக்காலத்தில் ஓவியம் என்பது பட்டறைத் தொழில். ஓவியர் ஒருவரின் மகள் தந்தையின் பட்டறையில் தூரிகை பிடிப்பதுண்டு. உயர்குடிப் பெண் வேறோர் ஓவியரிடம் மாணவியாகச் சென்றது புதுமை. மூன்றாண்டுகள் சென்றபின் காம்பி மிலான் நகருக்குப் பெயர்ந்தார். சொபோனிஸ்பா பெர்னார்தினோ காத்தி என்பவரிடம் பயிற்சியைத் தொடர்ந்தார். எலெனா துறவு பூண்டாள். தாம் கற்றதைத் தங்கையர்க்குச் சொபோனிஸ்பாவே கற்பித்தார்.

எனினும் ஒரு கதவு அவருக்கு அடைபட்டே இருந்தது. ஆடையற்ற மனித உடலைப் பார்த்து வரைந்து உடலமைப்பைக் கற்பது ஆண் மாணவர்க்கே உரியதாக இருந்தது. அப்பயிற்சி இல்லாதவர்க்குத் திருக்கோயில்களுக்கான பெரிய சமய ஓவியங்களைத் தீட்டும் வாய்ப்பு அரிது. எனவே அவர் தம் வீட்டையே ஓவியக்கூடமாக்கிக் கொண்டார். தம் முகத்தையும் தம்மைச் சூழ்ந்திருந்தோர் முகங்களையும் வரைந்தார். 1555இல் தீட்டிய சதுரங்க ஆட்டப் படம் இதற்கு நல்ல சான்று. தங்கையர் மூவர் ஆட்டத்தில் ஈடுபட்டிருக்க, முதிய பணிப்பெண் ஒருத்தி பின்னின்று நோக்குகிறாள். வென்றவளின் பெருமிதமும் சின்னவளின் குறும்புச் சிரிப்பும் நம் வீட்டுக் கூடத்தில் நிகழ்வன போலவே தோன்றும். பலகையின் விளிம்பில், அமில்காரேயின் மகள் சொபோனிஸ்பா தன் தங்கையர் மூவரையும் பணிப்பெண்ணையும் உள்ளவாறே வரைந்தாள் என்று இலத்தீனில் பொறித்திருக்கிறார். இப்படம் இன்று போலந்து நாட்டின் போஸ்னான் நகரில் உள்ளது.

பெருங்கலைஞர் மைக்கேல் ஆஞ்சலோவும் இவர் திறனை அறிந்தார். சிரிக்கும் சிறுமியின் படத்தைக் கண்ட அவர், அழும் சிறுவனை வரைவது அதனினும் அரிது என்றாராம். சொபோனிஸ்பா தம் தம்பியை, நண்டினம் ஒன்று விரலைக் கடிக்க அவன் முகஞ்சுளித்து அழும் கோலத்தில் வரைந்து அனுப்பினார். அச்சித்திரம் இன்று நேப்பிள்ஸ் நகரில் போற்றப்படுகிறது.

இப்புகழ் ஸ்பெயின் அரசவையை எட்டியது. 1559இல் சொபோனிஸ்பா பிறந்த ஊரை விட்டுப் புறப்பட்டார். அரசி இசபெல் அப்போது பதினான்கு வயதினர். பிரான்சிலிருந்து மணமாகி வந்தவர். அயல்நாட்டிலிருந்து வந்த இருவரும் ஆசிரியரும் மாணவியும் ஆயினர். ஆனால் அரண்மனையில் சொபோனிஸ்பா வகித்த பதவி அரசியின் தோழி என்பதே, ஓவியர் என்பதன்று. படத்துக்கு இவ்வளவு என்று கூலி பெறவில்லை. ஊதியமும் பரிசுகளும் பெற்றார். அங்கே தீட்டிய படங்களில் பெயரும் பொறிக்கவில்லை. அரண்மனை ஓவியர்கள் அவற்றைப் பார்த்துப் படிகள் எடுத்தனர். காலப்போக்கில் மூலமும் படியும் மயங்கின. கையொப்பமற்ற படங்கள் ஆண் ஓவியர் கணக்கில் சேர்ந்தன. அரசியின் உருவப்படம் ஒன்றுக்கும் இதே கதி நேர்ந்தது.

1568இல் அரசி இளவயதிலேயே மறைந்தார். 1573இல் மன்னர் ஏற்பாட்டின்படி சொபோனிஸ்பா சிசிலித் தீவின் பெருங்குடியினரான பாப்ரீசியோ மொங்காதாவை மணந்தார். சில ஆண்டுகளில் கணவர் கடலில் மாண்டார். பின்னர் ஜெனோவாவுக்குக் கப்பலில் சென்றபோது, அதன் தலைவர் ஒராசியோ லொமெல்லீனோ மீது அன்புகொண்டு அவரைத் தாமே விரும்பி மணந்தார். ஜெனோவாவில் பல்லாண்டு வாழ்ந்து, முதுமையில் சிசிலியின் பலெர்மோ நகரில் குடியேறினார்.

1624 ஜூலை 12ஆம் நாள், இருபத்தைந்து வயது இளைஞரான ஓவியர் வான் டைக் அவரைத் தேடி வந்தார். பார்வை மங்கியிருந்தபோதிலும் அம்மையாரின் அறிவும் நினைவும் கூர்மையாக இருந்தன என்று தம் குறிப்பேட்டில் எழுதினார். ஒளியை மிக உயரத்தில் வையாதே, முகச் சுருக்கங்களின் நிழல் பெரிதாகத் தோன்றும் என்று அம்மையார் அறிவுரை கூறினாராம். தூரிகையைக் கைவிட்ட பின்னும் ஓவியக்கண் அவரை விட்டுப் போகவில்லை. மறு ஆண்டு, 1625 நவம்பரில், அவர் காலமானார்.

2019இல் பிராடோ கலைக்கூடம் அவருடைய ஓவியங்களையும் லவீனியா பொந்தானா என்னும் மற்றோர் பெண் ஓவியரின் படைப்புகளையும் சேர்த்து ஒரு கண்காட்சி நடத்தியது. தாம் பணியாற்றிய மாட்ரிட்டிலேயே நான்கு நூற்றாண்டுகளுக்குப் பின் அவருக்கு உரிய இடம் கிடைத்தது.

வீட்டுப்பெண்ணாக இருந்து வரைந்த படங்களில் அவர் பெயரை எழுதினார். அவை அவருடையனவாகவே நிலைத்தன. அரசர்க்கு வரைந்தவற்றில் எழுதவில்லை. அவை பிறருடையன ஆயின. திறமை மட்டும் போதாது, அதற்கு உரியவர் இன்னார் என்பதும் பதிவாக வேண்டும். மகளின் கலையை அமில்காரே வளர்த்தது போல நாமும் வளர்ப்போம். நம் இல்லத்துச் சிறுமி ஒரு படம் வரைந்து கொண்டு வந்தால், மகிழ்வதோடு நில்லாமல், அதன் மூலையில் அவள் பெயரையும் ஆண்டையும் எழுதச் சொல்வோமாக.