ஆசிரியரை நியமிப்பவர் யார்? கேரளக் கல்வி மசோதாவின் வரலாறு

பள்ளியை நடத்துபவர் ஒருவர். ஆசிரியருக்குச் சம்பளம் அளிப்பதோ அரசாங்கம். அங்ஙனமாயின் ஆசிரியரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை எவருக்கு உரியது? இந்தியாவில் இக்கேள்வி பலமுறை நீதிமன்றத்தின் படியேறியிருக்கிறது. எனினும், கேரளத்தில் எழுந்த பூசலைப்போல் ஓர் ஆட்சியையே அசைத்த பிறிதொன்றைச் சுட்டுதல் அரிது.

1957ஆம் ஆண்டு ஏப்ரலில் இ. எம். எஸ். நம்பூதிரிபாடு தலைமையில் பொதுவுடைமைக் கட்சி கேரளத்தில் ஆட்சி அமைத்தது. கல்வி அமைச்சரான ஜோசப் முண்டசேரி தாமே கல்லூரி ஆசிரியராக இருந்தவர். மலையாள இலக்கியத் திறனாய்வாளருங்கூட. கிறித்துவத் திருச்சபைகளும் நாயர் சேவைச் சங்கமும் பிறரும் நடத்திய தனியார் பள்ளிகள் அங்கு மிகுதி. நிர்வாகி முகம் மலர்ந்தால் வேலை, முகம் சுளித்தால் நீக்கம் என்பது ஆசிரியர்களின் நெடுநாளைய முறையீடு. கையொப்பமிட்ட தொகை ஒன்று, கைக்கு வந்த தொகை வேறொன்று என்னும் புகாரும் உண்டு.

முண்டசேரி கொணர்ந்த மசோதா 1957 செப்டம்பர் 2ஆம் நாள் சட்டமன்றத்தில் நிறைவேறியது. உதவி பெறும் பள்ளி ஆசிரியர்க்கு அரசே சம்பளம் வழங்கும் என்றது 9ஆம் பிரிவு. அதனை எவரும் பெரிதாக வெறுத்திருக்க இயலாது. சினத்தை மூட்டியது 11ஆம் பிரிவே. பொதுப்பணித் தேர்வாணையம் மாவட்டந்தோறும் ஆசிரியர் பட்டியல் தயாரிக்கும். நிர்வாகி அப்பட்டியலிலிருந்தே நியமிக்க வேண்டும். பிற்பட்ட வகுப்பினர்க்கு அதில் ஒதுக்கீடும் உண்டு. அதிகாரியின் முன் அனுமதியின்றி ஆசிரியரை நீக்கலாகாது என்றது 12ஆம் பிரிவு. 14, 15ஆம் பிரிவுகளோ பள்ளிகளை அரசு மேற்கொள்ளவும் கையகப்படுத்தவும் வழி வகுத்தன.

ஆளுநர் ஒப்புதல் தராது மசோதாவை மேலே அனுப்பினார். குடியரசுத் தலைவர் இராசேந்திர பிரசாத் உச்ச நீதிமன்றத்தின் கருத்தைக் கேட்டார். கேரள அரசின் தரப்பில் வாதாடியவர் ஆங்கில வழக்கறிஞர் டி. என். பிரிட். 1954இல் சிங்கப்பூரில் 'ஃபஜார்' வழக்கில் மலாயாப் பல்கலைக்கழக மாணவர்க்காக வாதாடிய அதே பிரிட் என்பதை நம் மாணவர்கள் அறிந்துகொள்ளலாம்.

1958 மே 22ஆம் நாள் தலைமை நீதிபதி எஸ். ஆர். தாஸ் உள்ளிட்ட எழுவர் தம் கருத்தை வழங்கினர். சமய, மொழிச் சிறுபான்மையினர் தாம் விரும்பும் பள்ளிகளை நிறுவி நடத்தும் உரிமையை அரசியலமைப்பின் 30ஆம் விதி காக்கிறது. ஆனால் நடத்தும் உரிமையென்பது சீர்கெட நடத்தும் உரிமையன்று என்றது பெரும்பான்மைத் தீர்ப்பு. 9, 11, 12ஆம் பிரிவுகள் உரிமை மீறலின் விளிம்புவரை செல்வன. ஆயினும், உதவிப்பணம் பெறும் பள்ளிகள் அவற்றுக்கு உட்படலாம். பள்ளிகளை எடுத்துக்கொள்ளும் 14, 15ஆம் பிரிவுகள் சிறுபான்மையினர் பள்ளிகளைப் பொறுத்தவரை செல்லா என்றும் கூறிற்று. தொடக்க வகுப்புக் கட்டணத்தை விலக்கிய 20ஆம் பிரிவு பற்றி மாறுபட்டவர் தமிழரான நீதிபதி டி. எல். வெங்கடராமய்யர், இசையுலகம் 'சங்கீத கலாநிதி' என்று போற்றியவரும் இவரே.

ஆக, ஆசிரியர் பட்டியலை நீதிமன்றம் தள்ளவில்லை. திருத்தப்பெற்ற மசோதா 1959இல் சட்டமாயிற்று. நீதிமன்றம் ஏற்றதை வீதி ஏற்கவில்லை. திருச்சபையினரும் மன்னத்து பத்மநாபனின் நாயர் சேவைச் சங்கத்தினரும் கைகோத்துக் கிளர்ந்தனர். வேறு குறைகளும் அக்கிளர்ச்சியில் சேர்ந்துகொண்டன. 1959 சூலை 31ஆம் நாள் நடுவணரசு அமைச்சரவையை நீக்கியது. 1960இல் பட்டம் தாணுப் பிள்ளை தலைமையில் வந்த அரசு 11ஆம் பிரிவை மாற்றியது: தகுதியுடையோருள் நிர்வாகி தாமே நியமிக்கலாம்.

தேர்வு நிர்வாகியிடம் திரும்பியது. சம்பளம் அரசிடமே நின்றது. இவ்விரண்டையும் இணைக்கும் கயிறுதான் கல்வி அதிகாரியின் ஒப்புதல். பின்னாளைய வழக்குகளுள் பல அக்கயிற்றைப் பற்றி இழுத்தவையே. மாணவர் எண்ணிக்கைக்கு அப்பணியிடம் உண்டா? முன்பு வேலையிழந்த ஆசிரியருக்கு அதில் முந்துரிமை இல்லையா? நியமன நாளிலிருந்து ஒப்புதலா, பிந்திய நாளிலிருந்தா? குழந்தைகளின்றிப் பணியிடம் காட்டும் நிர்வாகியும் உண்டு. காரணமின்றிக் கோப்பை முடக்கும் அலுவலகமும் உண்டு. ஒப்புதல் வரும்வரை அரசுச் சம்பளம் இல்லை. வகுப்பும் வருகைப் பதிவேடும் வீட்டுப்பாட ஏடுகளும் மட்டும் நாள்தோறும் அவ்வாசிரியருக்காகக் காத்திருந்தன.