கப்பலில் வந்தது, கூரையில் காய்ந்தது: இந்திய மிளகாயின் சொல்லும் சேமிப்பும்

மிளகாய்க்கு இந்திய மொழிகள் எவையும் தொன்மையான தனிவேர்ச்சொல் வைத்திருக்கவில்லை. தமிழில் அது மிளகு போன்ற காய். கன்னடத்து மெணசினகாயியும் தெலுங்கின் மிரபகாயவும் அதே அச்சில் வார்க்கப்பட்டவை. இந்தியின் ‘மிர்ச்’ வடமொழி ‘மரீச’த்தின் வழிவந்த மிளகுப் பெயரே. அசாமியர் மிளகை ஜாலுக் என்றும் மிளகாயை ஜலகியா என்றும் அழைக்கின்றனர். காஷ்மீரியில் ‘மர்ச்சவாங்குன்’, மிளகுக் கத்தரிக்காய் என்று பொருள்படும். மிளகாயும் கத்தரியும் ஒரே தாவரக் குடும்பம் என்பதைப் பெயர் தெரியாத யாரோ ஒருவர் பூவைப் பார்த்தே கண்டுகொண்டிருக்கக்கூடும்.

மலையாளத்தில் நிகழ்ந்தது இன்னும் வியப்புக்குரியது. மிளகின் தாயகமான அந்நிலத்திலேயே ‘முளகு’ என்ற சொல்லை மிளகாய் கைப்பற்றிக்கொண்டது. பழைய உரிமையாளர் குறுமுளகு, நல்லமுளகு என அடைமொழி சூடி ஒதுங்க வேண்டியதாயிற்று. குமரி மாவட்டத் தமிழிலும் ‘நல்லமிளகு’ வழங்குகிறது. புதியது அடைமொழி பெறுவதே சொல்வரலாற்றின் பொது வழக்கு. பழையது அடைமொழி பெறும்போது, புதியது அன்றாட வாழ்வை நிறைத்துவிட்டது என்று கொள்ளலாம்.

எங்கிருந்து வந்தது என்பதிலும் பெயர்கள் ஒன்றையொன்று சுட்டுகின்றன. வங்காளியும் ஒடியாவும் அதை ‘லங்கா’ என்கின்றன. இலங்கைத் தமிழரோ கொச்சிக்காய் என்கின்றனர். 1542இல் ஜெர்மானியத் தாவரவியலார் லியோன்ஹார்ட் ஃபுக்ஸ் அதைக் கள்ளிக்கோட்டை மிளகு என்றார். 1776இல் ஓர் இனத்துக்குச் சீனத்தின் பெயரையே சூட்டினார் ஜாக்கென். ஒவ்வொருவரும் தமக்கு முந்தைய துறைமுகத்தையே தாயகமாகக் கருதினர். அமெரிக்காவை எவரும் சொல்லவில்லை. பதினேழாம் நூற்றாண்டின் இறுதியில் வெளிவந்த ‘ஹோர்த்தூஸ் மலபாரிக்குஸ்’ நூலில் இச்செடி ‘கப்போ மொளகோ’ எனப் பதிவாகியுள்ளது. மலையாளத்தில் ‘கப்பல்முளகு’ என்ற வழக்கும் உண்டு. கடல்வழியை மறவாத பெயர் அது ஒன்றுதான்.

1498இல் போர்த்துக்கேயர் கள்ளிக்கோட்டையை அடைந்ததற்கும் மிளகாய் நாடெங்கும் பரவியதற்கும் இடைப்பட்ட காலத்துக்கு அரசு ஆவணங்கள் பெரிதும் உதவுவதில்லை. 1590 வாக்கில் எழுதப்பட்ட ‘ஆயினே அக்பரி’யின் சமையற் பட்டியல்களில் மிளகு உண்டு, மிளகாய் இல்லை. இதைக் கொண்டு அக்காலத்தில் வடக்கே மிளகாயே இல்லை என முடிவுகட்டுவது அவசரம். புழக்கடையில் தானாக முளைத்த செடிக்கு வரியில்லை. வரியில்லாததை அரண்மனைக் கணக்கர் எழுதுவதில்லை.

பரவலுக்கான விடையைச் செடியின் இயல்பில் தேடுவதே பொருத்தம். மிளகுக் கொடிக்குப் பெருமழையும் நிழலும் பற்றிப் படரத் தாய்மரமும் வேண்டும். பலன் காணச் சில ஆண்டுகள் ஆகும். மிளகாய்க்கு ஒரு பிடி விதையும் நீர் தேங்காத நிலமும் போதும். நட்ட மூன்று மாத அளவில் முதற்பறிப்பு. பெரும்பாலும் தன்மகரந்தச் சேர்க்கை என்பதால் ஒரு நல்ல பழத்தின் விதையே அடுத்த ஆண்டின் பயிராகும். கார வேதிப்பொருள் பறவைகளை உறுத்தாது. அவை தின்று எச்சத்தில் விதைத்தன. லின்னேயஸ் 1753இல் இதற்கு ‘ஓராண்டுச் செடி’ எனப் பொருள்படும் பெயரிட்டது ஐரோப்பியக் குளிரைக் கண்டு. வெப்பமண்டலத்துப் புழக்கடையில் அதே செடி சில ஆண்டுகள் நின்று காய்க்கும்.

ஆயினும் வெப்பம் எல்லாம் அதற்கு உகந்ததன்று. பகல் வெப்பம் 35 பாகை செல்சியஸைக் கடந்தால் பூ உதிரும். மழைநீர் தேங்கினால் வேர் அழுகும். தக்காணத்து உழவர் இவ்விரண்டுக்கும் நடுவே ஒரு வழி கண்டனர். மழைக்காலத்தில் நாற்று, குளிர்காலத்தில் காய்ப்பு, சனவரி தொடங்கி வறண்ட வெயிலில் உலர்த்தல். குண்டூரின் சன்னமும் ஹாவேரி மாவட்டத்துப் பியாடகியும் இந்த நாள்காட்டியின் பிள்ளைகள். பழுத்த பழத்தைக் குவித்து நிறம் ஏறவிட்டு, பின்னர் களத்தில் மெல்லிதாகப் பரப்பி, பனி படாமல் இரவில் மூடிவைப்பர். ஈரம் பத்து விழுக்காட்டளவுக்கு இறங்கியதும் குலுக்கினால் உள்ளே விதை கலகலக்கும். அந்த ஒலிதான் உழவரின் ஈரமானி. ஈரம் மிஞ்சினால் பூஞ்சை, அதன் பின்னே அஃப்ளாடாக்சின் நஞ்சு. காம்பைக் கிள்ளாமல் வைப்பதும் வெறும் பழக்கமன்று. காம்பு போன வாய்வழியே ஈரமும் பூச்சியும் நுழையும்.

வெயிலை நம்ப முடியாத இடங்களில் வேறு வழி. நாகர் வீடுகளில் மிளகாய் அடுப்புக்கு மேலே பரணில் புகையில் உலர்கிறது. ஈரக்காற்றுள்ள மலையாளக் கரையில் காந்தாரி உப்புநீரில் ஊறுகிறது. தமிழகத்திலும் கேரளத்திலும் மோரில் ஊறவைத்துக் காயவைப்பது தனிக் கலை. செடி ஒன்றே, வெயில், புகை, உப்பு, மோர் என அந்தந்த இடத்துக் காற்றின் ஈரமே சேமிப்பு முறையைத் தீர்மானித்தது. ஆண்டு முழுவதற்குமான காரத்தை வணிகரிடம் போகாமல் ஓர் ஏழை வீடு தன் பானையில் வைத்துக்கொள்ள முடிந்தது இவ்வாறுதான். மிளகு இதை அந்த வீட்டுக்கு ஒருபோதும் தந்ததில்லை.

அந்தப் பானை இப்போது இடம் மாறியிருக்கிறது. குண்டூரைச் சுற்றிலும் குளிர்பதனக் கிடங்குகள் நிற்கின்றன. ஒளியிலும் காற்றிலும் மங்கும் செந்நிறம் அங்கே மாதக்கணக்கில் காக்கப்படுகிறது. நிறத்துக்கு விலை உண்டு. பியாடகியின் சாறு உணவு வண்ணமாகவும் உதட்டுச் சாயமாகவும் ஏற்றுமதியாகிறது. கிடங்கு வாடகை கொடுக்க முடிந்தவர் விலைக்குக் காத்திருக்கிறார். முடியாதவர் களத்திலிருந்தே விற்கிறார். விதையும் கலப்பின விதையாகிவிட்ட வயல்களில், எடுத்துவைத்த பழத்தின் விதையை மறுபடி விதைத்தால் தாய்ச்செடியின் குணம் அப்படியே வருவதில்லை. ஒவ்வோர் ஆடியிலும் புதிய பொட்டலம் வாங்கித்தான் ஆகவேண்டும்.