மொழிபெயர்ப்பாளர் படைப்பாளரான வரலாறு: மூவார் ஜமில் சூலோங்கும் மலாய்த் திரைப்படத்தின் ஸ்டூடியோக் காலமும்

முன்னுரை

மலாய்த் திரைப்படத்தின் தொடக்க காலம் பற்றிய பேச்சு எழும்போதெல்லாம், இந்திய இயக்குநர்களின் பெயர்களைப் பெருமையுடன் எடுத்துரைப்பது நம்மவரிடையே வழக்கமாக இருந்துவருகிறது. பி. எஸ். ராஜான்ஸ், எல். கிருஷ்ணன், கே. எம். பாஸ்கர், பி. என். ராவ், பானி மஜும்தார் ஆகியோர் அவ்வரிசையில் முதன்மையானவர்கள். இப்பெருமையில் பிழை ஏதுமில்லை. ஆயினும், இவ்வரிசையை ஒப்புவிக்கும் நாம் எளிய வினா ஒன்றைக் கேட்கத் தவறிவிடுகிறோம். இவர்களுள் பலர் மலாய் மொழியில் எழுதும் திறன் பெற்றவர்கள் அல்லர். அவ்வாறாயின், அப்படங்களில் ஒலித்த மலாய் உரையாடல் யாருடைய எழுத்து?

இவ்வினாவுக்குரிய விடையின் ஒரு பகுதி ஜொகூர் மாநிலத்தின் மூவாரில் தொடங்குகிறது. அங்கு 1926ஆம் ஆண்டு பிறந்த ஜமில் சூலோங்கின் திரைவாழ்வை இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

ஜாலான் அம்பாஸும் துணை இயக்குநரும்

போருக்குப் பின், 1947 தொடங்கி, ஷா சகோதரர்களின் மலாய்ப் பட நிறுவனம் சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் இயங்கிவந்தது. ‘பக்தி’ (1950), ‘மிஸ்கின்’ (1952), ‘ஹூஜான் பானாஸ்’ (1953), ‘ஹங் துவா’ (1956) முதலிய படங்கள் அங்கு உருவானவை. சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன் போன்றோருக்கு மலாய் பழகிய மொழி. இந்தியாவிலிருந்து நேரே வரவழைக்கப்பட்டவர்களுக்கோ அது புதிய மொழி. அவர்கள் ஆங்கிலத்தில் அமைத்துத் தந்த திரைக்கதையை மலாயில் ஆக்கித் தரும் பணி மலாய்த் துணை இயக்குநர்களின் பொறுப்பாயிற்று. ஜமில் சூலோங் அப்பணியில் பயின்று வளர்ந்தவர். பாடலாசிரியராகவும் நடிகராகவும் அவர் அங்கு உழைத்தார்.

இப்பணியை வெறும் சொல்மாற்றமாகக் கருதுதல் பொருந்தாது. மொழியாசிரியர்கள் நன்கறிந்த ஓர் எடுத்துக்காட்டை இங்குக் காட்டலாம். மலாயில் ‘அபாங்’ என்னும் சொல் அண்ணனைக் குறிக்கும். மனைவி கணவனை விளிப்பதும் அச்சொல்லாலேயே. தமிழில் ‘அத்தான்’ என்னும் விளி, முறைப்பெண் - முறைமாப்பிள்ளை என்ற உறவமைப்பையே தன்னுள் அடக்கியது. மலாயில் அதற்கு நேரான சொல் இல்லை. காதல், குடும்பப் பூசல், தியாகம் எனச் செல்லும் இந்தியப் பாணிக் கதையொன்றை மலாய்க் கம்பத்து மாந்தரின் வாயில் இயல்பாக ஒலிக்கச் செய்ய வேண்டுமாயின், ஒவ்வொரு விளியையும் வாழ்க்கையிலிருந்தே தேர்ந்தெடுத்தாக வேண்டும். எந்தச் சொல் எந்த உறவைச் சுமக்கும் என்று அறிந்தவரே இதனைச் செய்ய இயலும். அவ்வகையில் மொழிபெயர்ப்பு மேசை ஒரு திரைக்கதைப் பள்ளியாகவும் விளங்கியது எனலாம்.

சென்னையும் சிங்கப்பூரும்

இயக்குநர் மொழியறியாதவராக இருந்த நிலை சிங்கப்பூருக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் தமிழறியாமலேயே ‘அம்பிகாபதி’ (1937), ‘மீரா’ (1945), ‘மந்திரி குமாரி’ (1950) ஆகிய படங்களை இயக்கினார். ஆனால் ‘அம்பிகாபதி’ என்றதும் வசனம் எழுதிய இளங்கோவனும், ‘மந்திரி குமாரி’ என்றதும் மு. கருணாநிதியும் நம் நினைவுக்கு வருகின்றனர். பின்னாளில் படத்தின் வசனம் தனி நூலாகவே விற்பனையாயிற்று.

மொழியறியாத இயக்குநர், மொழியறிந்த எழுத்தாளர் என்னும் ஒரே சூழலில் இருவேறு விளைவுகள் தோன்றியமைக்குக் காரணம் யாது? சென்னையிலும் சேலத்திலும் வசனகர்த்தா எழுத்தாளர் என்ற தகுதியிலேயே அமர்த்தப்பட்டார். அவருக்குப் பின்னால் இதழுலகமும் நாடக மேடையும் நின்றன. ஜாலான் அம்பாஸில் உரையாடலை ஆக்கியவர் துணை இயக்குநராக அமர்த்தப்பட்டார். எழுத்து அவருடைய பல பணிகளுள் ஒன்று. ஆகவே, எழுதியவர் தம் பெயரை நிலைநாட்ட இயக்குநர் நாற்காலியை அடைவதே வழி என்னும் நிலை ஏற்பட்டது என்பது நம் கருத்து.

நாட்டார் கதையிலிருந்து திரைக்கு

1950களின் இறுதியில் அவ்வழி திறந்தது. பி. ராம்லி ‘பெனாரிக் பேச்சா’ (1955) மூலம் இயக்குநரானார். 1957இல் ஷா நிறுவனக் கலைஞர்கள் வேலைநிறுத்தம் செய்து தம் உரிமைக்குக் குரலெழுப்பினர். அதே ஆண்டு, போட்டி நிறுவனமான கேத்தே கெரிஸ் வெளியிட்ட ‘பொந்தியானாக்’ என்னும் பேய்ப்படம் பெருவெற்றி பெற்றது. அதனை இயக்கிய பி. என். ராவ், ‘ரம்பையின் காதல்’ (1939), ‘மதனகாமராஜன்’ (1941) முதலிய தமிழ்ப் படங்களை இயக்கியவர். எழுதியவர் அப்துல் ரசாக். மலாய் மக்களின் வாய்மொழி நம்பிக்கைகளுக்குத் திரையில் இடமுண்டு என்பதை அவ்வெற்றி உறுதிப்படுத்தியது.

1959இல் ஜமில் சூலோங் இயக்கிய ‘பாத்து பெலா பாத்து பெர்தாங்குப்’ வெளிவந்தது. மீன் முட்டைக்கு ஆசைப்பட்ட தாய்க்குப் பங்கு வைக்காமல் பிள்ளைகள் உண்டுவிட, மனமுடைந்த தாய் பிளந்து மூடும் பாறையின் வாய்க்குள் சென்று மறைகிறாள். ‘சி தங்காங்’ (1961) படத்திலோ, செல்வம் பெற்றபின் தாயை மறுதலித்த மகன் அவளுடைய சாபத்தால் கல்லாகிறான். அகலிகை கல்லான கதையை அறிந்த நமக்குக் கல்லாதல் புதிதன்று. எனினும் அங்குச் சாபத்திற்குக் காரணம் கற்பு, இங்குத் தாய்-பிள்ளை உறவின் முறிவு. துங்கு அப்துல் ரஹ்மானின் கதையைத் தழுவி ஜமில் சூலோங் இயக்கிய ‘ராஜா பெர்சியோங்’ (1968), கறியில் தவறி விழுந்த குருதியின் சுவைக்கு அடிமையாகும் கெடா மன்னனின் பழங்கதை. இம்மூன்றிலும் அச்சம் வெளியிலிருந்து வருவதில்லை. அடுப்பங்கரையிலும் தாய்மடியிலும் அது பிறக்கிறது. வீட்டுப் பேச்சின் நுட்பத்தைப் பல்லாண்டுகள் எடைபோட்ட ஒருவரின் தேர்வு இது என்று கொள்ள இடமுண்டு.

அவர் ஒரே வகைக்குள் தேங்கவில்லை. ‘கெராக் கிலாட்’ (1966) ஒற்றர் படம். 1967இல் ஜாலான் அம்பாஸ் மூடப்பட்ட பின்னரும் அவர் திரைப்பணியைத் தொடர்ந்தார். ஷானோன் அஹ்மாட்டின் நாவலைத் தழுவிய ‘ரஞ்சாவ் செப்பாஞ்சாங் ஜாலான்’ (1983), நெல்வயல் உழவர்களின் துயரைச் சொல்வது. 2014இல் அவர் மறைந்தார்.

முடிவுரை

1990இல் வெளிவந்த தம் நினைவு நூலுக்கு ஜமில் சூலோங் ‘காச்சா பெர்மாத்தா’ எனப் பெயரிட்டார். அதன் துணைத்தலைப்பு ‘ஓர் இயக்குநரின் நினைவுகள்’ என்னும் பொருளுடையது. எழுத்தாளர் என்ற பட்டம் ஸ்டூடியோக் காலத்தில் எத்துணை மெலிந்திருந்தது என்பதற்கு இத்துணைத்தலைப்பை ஒரு சான்றாகக் கொள்ளலாம்.

மலாய்த் திரைப்படத்திற்கு இந்தியர் ஆற்றிய பங்கை மாணவர்க்கு எடுத்துரைப்பது நம் கடமை. ஆனால் அவ்வரலாறு கொடுத்தவரின் பட்டியலாக மட்டும் நின்றுவிடுமாயின் அது பாதி வரலாறே. இந்திய இயக்குநரின் காட்சி மலாய் மக்களின் உள்ளத்தைத் தொட்டதெனில், இடையில் ஒருவர் அமர்ந்து அதற்குச் சொல் தேடியிருக்கிறார். அச்சொல் தேடியவரையும் சேர்த்து எழுதும்போதே நம் பெருமை ஆய்வின் முன் நிற்கும் தகுதியைப் பெறும். இருமொழிகளுக்கிடையே நாள்தோறும் வாழும் மலேசியத் தமிழாசிரியர்கள் இதனை மற்றெவரினும் நன்கு உணர்வர் என நாம் நம்புகிறோம்.