பல்லாவரத்து ஆண்டும் ஷயர் நாட்டு மாதமும்

என் அக்கா மகன் கற்பனை உலகம் ஒன்றை வைத்து நாவல் எழுதுகிறான். அந்த உலகத்துக்கு இரண்டு நிலா, பதின்மூன்று மாதம், மாதத்துக்கு 28 நாள். கிழக்குத் தாம்பரம் வீட்டு மொட்டை மாடியில் உட்கார்ந்து நோட்டை விரித்துக் காட்டினான். கணக்கில் பிழையே இல்லை. "அந்த ஊர்க்காரங்களுக்குப் பண்டிகை எப்போடா வரும்?" என்று கேட்டேன். "அதை இன்னும் யோசிக்கலை மாமா" என்றான்.

அவனுக்குப் பதில் சொல்லத்தான் இரண்டு நாட்காட்டிகளை எடுத்து அருகருகே வைத்தேன். ஒன்று, டோல்கீன் தம் 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் பின்னிணைப்பில் 1955இல் வெளியிட்ட, ஷயர் என்ற கற்பனை நாட்டின் நாட்காட்டி. மற்றொன்றுக்குத் தாம்பரத்தில் மின்சார ரயில் ஏறினால் மூன்றாவது நிலையத்தில் இறங்க வேண்டும். பல்லாவரத்தில் வாழ்ந்த மறைமலை அடிகள், வள்ளுவர் பிறப்பைக் கி.மு. 31 என்று கணித்ததிலிருந்து வந்த திருவள்ளுவர் ஆண்டு அது.

இருவருமே மொழியாசிரியர்கள். டோல்கீன் ஆக்ஸ்போர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்தவர். அடிகள் 1898 முதல் 1911 வரை சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் தமிழ் கற்பித்தவர்; அந்தக் கல்லூரி தாம்பரத்துக்கு வந்தது 1937இல்தான். வேலையை விட்டுப் பல்லாவரத்தில் குடியேறி, 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கி, வேதாசலம் என்ற தம் பெயரையும் தமிழாக்கிக்கொண்டார். தம் மொழியின் பழைய வேர்மேல் இருவருக்கும் ஒரே அளவு பாசம். ஷயரின் மாதப் பெயர்களையே டோல்கீன் பழைய ஆங்கில மாதப் பெயர்களிலிருந்துதான் எடுத்தார்.

ஷயர் நாட்காட்டியின் நேர்த்தியைப் பார்த்தால் ஆசையாக இருக்கிறது. பன்னிரண்டு மாதமும் முப்பது முப்பது நாள். மிச்சம் ஐந்து நாள் எந்த மாதத்திலும் சேராது. குளிர்காலத்தில் இரண்டு, நடுவேனிலில் மூன்று என்று விருந்து நாட்களாக நிற்கும். அவற்றில் ஆண்டின் நடுநாளுக்குக் கிழமையே கிடையாது. லீப் ஆண்டில் கூடுதலாக வரும் நாளுக்கும் அப்படியே. மீதி 364 நாளும் சரியாக 52 வாரம். ஆகவே ஒரு தேதி எந்தக் கிழமையில் வருகிறதோ, ஆண்டுதோறும் அதே கிழமையில்தான் வரும். காலண்டர் ஒருமுறை வாங்கினால் ஆயுசுக்கும் போதும்.

நம் மாதம் இதற்கு நேர் எதிர். சூரியன் ராசி மாறுவது அஸ்தமனத்துக்கு முன் என்றால் அன்றே மாதப் பிறப்பு. பின் என்றால் மறுநாள். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனுக்குத் தொலைவில் மெதுவாகச் சுற்றுகிறது. அதனால் ஆனி 32 நாள்வரை நீளும். ஜனவரித் தொடக்கத்தில் நெருங்கி வேகமாகச் சுற்றுகிறது. மார்கழி 29 நாளிலேயே முடிந்துவிடலாம். வசதிக்கு நாமாக வெட்டித் தைத்த மாதம் இல்லை இது.

அடிகள் இந்த மாதங்களில் கை வைக்கவில்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அவர் கணிப்பு தந்தது ஓர் எண்ணை மட்டும். அந்த எண் தேவைப்பட்டது. என் அப்பாவின் ஜாதக நோட்டில் 'பிரபவ வருஷம், ஆவணி மாசம்' என்றுதான் இருக்கிறது. பிரபவ 1867இலும் வந்தது, 1927இலும் வந்தது, 1987இலும் வந்தது. எங்களுக்கு எது என்று தெரியும். நூறு வருஷம் கழித்து நோட்டைப் புரட்டுகிறவர் திணறுவார். கலி, சகம் என்ற தொடர் கணக்குகள் இருந்தும், தமிழ்ப் புலவர் ஒருவரிலிருந்து எண்ணத் தொடங்கும் கணக்கு இல்லாமல் இருந்தது. வள்ளுவர் காலத்தில் அறிஞர்களுக்குள் நூற்றாண்டுக் கணக்கில் வேறுபாடு உண்டு. அதனால் இந்த எண் பொய்யாகிவிடாது. ஏசு பிறப்பை வைத்துப் போட்ட கணக்கும் சில ஆண்டுகள் பிசகியதுதான். உலகம் அதைத்தான் எழுதுகிறது.

ஏற்கப்பட்ட விதத்தைப் பாருங்கள். 1971இல் தி.மு.க. ஆட்சியில் அரசு நாட்குறிப்பிலும், மறு ஆண்டு அரசிதழிலும் திருவள்ளுவர் ஆண்டு ஏறியது. 1981இல் எம்.ஜி.ஆர். ஆட்சி எல்லா அரசு ஆவணங்களுக்கும் அதை விரித்தது. கட்சி மாறியும் எண் மாறவில்லை. தை முதல் நாளே புத்தாண்டு என்று 2008இல் வந்த சட்டமோ 2011இல் நீக்கப்பட்டது. தையைப் புத்தாண்டாகக் கொண்டாடும் தமிழர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவர்கள் வாதத்தில் நியாயம் உண்டு. ஆனால் அந்த வருஷங்களிலும் சித்திரை முதல் தேதி எங்கள் வீட்டில் மாங்காய்ப் பச்சடியில் வேப்பம்பூ விழுந்துகொண்டுதான் இருந்தது. ஆண்டின் எண்ணை மாற்றினால் ஜனங்கள் பொறுத்துக்கொள்கிறார்கள். பண்டிகை நாளைத் தொட்டால் விடமாட்டார்கள். பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் ஷயரைப் போலவே முப்பது நாள் மாதம் போட்டு, வாரத்தையும் பத்து நாளாக்கினார்கள். ஏழு நாளுக்கு ஒருமுறை கிடைத்த ஓய்வு, உழைப்பாளிக்குப் பத்து நாளுக்கு ஒருமுறை என்றானது. 1793இல் வந்த அந்த நாட்காட்டி, 1806 பிறந்தபோது போய்விட்டது.

ஷயர் நாட்காட்டிக்கு அந்தச் சோதனை வரவே இல்லை. அங்கே வாடகை கொடுக்க வேண்டியவரும் இல்லை, முகூர்த்தம் பார்க்க வேண்டியவரும் இல்லை. அதன் அழகு முழுசாக நிற்பதற்கு அதுவும் காரணம். டோல்கீனும் விருந்து நாளை மறக்கவில்லை என்பதை அக்கா மகனிடம் சொன்னேன். தன் பதின்மூன்று மாதத்தை அப்படியே வைத்துக்கொண்டு, அறுவடைக்கு இரண்டு நாளும் செத்தவர்களுக்கு ஒரு நாளும் சேர்த்திருக்கிறான்.

புதன்கிழமை வரும் தமிழ்நாடு அரசிதழ் கையில் கிடைத்தால் முதல் பக்கத் தலைப்பைப் பாருங்கள். 2021 ஜனவரி முதல் வாரத்தில் 'சார்வரி, திருவள்ளுவர் ஆண்டு 2051'. பொங்கல் கழிந்ததும் எண் 2052 ஆனது. பெயர் சார்வரியாகவே நின்றது. ஏப்ரல் நடுவில், சித்திரை பிறந்த பிறகுதான் பெயர் பிலவ ஆனது. ஒவ்வோர் ஆண்டும் இந்த மூன்று மாதம், புதிய எண்ணும் பழைய பெயரும் ஒரே வரியில் அச்சாகின்றன.