யாழ்ப்பாணத்து நகைச்சுவை நடிப்பு

யாழ்ப்பாணக் குடாநாட்டின் கூத்துக்களரியிலும் கொட்டகை மேடையிலும் வளர்ந்து, பின்னர் வானொலி, திரைப்படம், ஒலிநாடா ஆகியவற்றுக்குப் பரவிய கலை.

தோற்றம்: நாட்டுக்கூத்தில் கட்டியகாரனும் கோமாளியும் சிரிப்பூட்டினர். தமிழகக் குழுக்களுடன் வந்த இசை நாடகத்தில் அப்பணி பபூனுக்குரியதாயிற்று. பபூனைக் கட்டியகாரனின் தொடர்ச்சியாகக் கொள்வோரும், பார்சி நாடகத்தின் வழி வந்தவனாகக் கொள்வோரும் உளர். இரண்டின் சாயலும் அவனிடம் உண்டு.

பேச்சுமொழி நாடகம்: பேராசிரியர் க. கணபதிப்பிள்ளையின் ‘நானாடகம்’ (1940) யாழ்ப்பாணப் பேச்சுத்தமிழை மேடைக்குரிய மொழியாக்கியது. அதிலுள்ள ‘உடையார் மிடுக்கு’, ‘முருகன் திருகுதாளம்’ ஆகியவை குறிப்பிடத்தக்கவை.

வானொலியும் திரையும்: இலங்கை வானொலியில் ‘சானா’ சண்முகநாதனின் ‘இலண்டன் கந்தையா’ நாடகம் புகழ்பெற்றது. 1970களில் எஸ். ராம்தாஸின் ‘கோமாளிகளின் கும்மாளம்’ வந்தது. ராம்தாஸ் மரிக்காராகவும், ரி. ராஜகோபால் யாழ்ப்பாணத் தமிழ் பேசும் அப்புக்குட்டியாகவும், எஸ். செல்வசேகரன் உபாலியாகவும், பி. எச். அப்துல் ஹமீத் ஐயராகவும் நடித்தனர். நால்வரின் தமிழும் நான்கு விதம். சிரிப்பு அந்த வேறுபாட்டில் பிறந்தது. இந்நாடகம் எஸ். இராமநாதனின் இயக்கத்தில் 1976இல் ‘கோமாளிகள்’ என்ற திரைப்படமாயிற்று. இவ்வாறு நடிகரின் குரல் முதலில் வானொலி வழியே வீடுகளுக்குள் வந்தது. உடல் அதன்பின் திரைக்கு வந்தது.

தனிநடிப்பு: இக்கலையின் உச்சம் கரவெட்டியைச் சேர்ந்த கே. எஸ். பாலச்சந்திரனின் (1944–2014) ‘அண்ணை றைற்’. பஸ் கொண்டக்டர் ஒருவர் சனநெரிசலோடு நடத்தும் ஓயாத பேச்சே முழு நிகழ்வும். மேடையில் பஸ்ஸும் இல்லை, பயணிகளும் இல்லை. ஆயினும் யார் ஏறுகிறார், யார் இறங்க மறுக்கிறார், யார் மிதிபலகையில் நின்று வழிமறிக்கிறார் என்பதை அவர் பார்வையும் குரலும் காட்டிவிடும். ஒலிநாடாவாக வெளிவந்தபோது உடலசைவு மறைந்தும் கூட்டம் குறையவில்லை. கேட்டவர் காதுக்குள்ளேயே பஸ் நிரம்பியது. இக்கலைக்கு அவர் சேர்த்த பெருஞ்சொத்து அதுவே.

பிற்காலம்: 1983 ஜூலை வன்முறையில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டபோது படச்சுருள்கள் பல அழிந்தன. போர்க்காலத்தில் கலைஞர் பலர் புலம்பெயர்ந்தனர். பாலச்சந்திரன் கனடாவில் தொடர்ந்து நடித்து, ரொறன்ரோவில் காலமானார். இன்று யாழ்ப்பாண இளைஞர் இப்பேச்சுமொழியிலேயே இணையக் காணொளிகள் வெளியிடுகின்றனர்.