குத்தகைக் காகிதம்

கம்பம் பள்ளத்தாக்கில் வளர்ந்த எங்களுக்குத் திருவிதாங்கூர் என்பது மலைக்கு அப்பால் பெய்யும் மழை, அவ்வளவுதான். பென்னிகுவிக் படத்தை வீட்டில் மாட்டினோம். தண்ணீர் யார் நாட்டிலிருந்து வருகிறது, என்ன பேரத்தில் வந்தது என்று கேட்கத் தோன்றியதில்லை. வல்லமை மிக்க அண்டை நாட்டின் பிரஜை என்று, முல்லையாற்றுக் கரையில் அரைக்குழி நிலம் வைத்திருப்பவன் எப்படித் தன்னை நினைத்துக்கொள்வான்? ஆனால் அந்தப் பக்கமிருந்து பார்த்தால் நாங்கள் அதுதான்.

திருவிதாங்கூரின் சுதந்திரம் ஏற்கெனவே மூளிப்பட்டது. 1805 உடன்படிக்கைப்படி வெள்ளையருக்கு வருஷம் 8 லட்சம் ரூபாய் கப்பம். பெரியாற்றுக்காக 1862-ல் தொடங்கிய பேச்சை 24 வருஷம் இழுத்தடிக்க முடிந்ததே அதற்கு ஒரு சாதனைதான். 1886 அக்டோபர் 29-ல் கையெழுத்தாயிற்று. 999 வருஷக் குத்தகை. 8,000 ஏக்கருக்கு, ஏக்கர் 5 ரூபாய் வீதம், 40,000 ரூபாய். அதையும் கையில் கொடுக்கவில்லை, கப்பத்தில் கழித்துக்கொண்டார்கள்.

பிற்பாடு அந்தக் காகிதமே சமஸ்தானத்துக்குக் கேடயமாயிற்று. அதே நீரில் மின்சாரமும் எடுக்கச் சென்னை அரசு முனைந்தபோது, குத்தகை பாசனத்துக்கு மட்டுமே என்று திருவிதாங்கூர் வாதாடியது. இரு நடுவர்களும் ஒத்துப்போகவில்லை. விஷயம் நளினி ரஞ்சன் சட்டர்ஜியிடம் போயிற்று. 1941-ல் அவர் தீர்ப்பு சமஸ்தானத்தின் பக்கம். சாம்ராஜ்யத்தின் ஒரு மாகாணம் ஒரு வாசகத்தின் முன் நிற்க நேர்ந்தது. எங்கள் ஊர்ச் சரித்திரப் பேச்சில் இதை நான் ஒருமுறைகூடக் கேட்டதில்லை.

அப்போது திவான் சி.பி. ராமசாமி ஐயர். வந்தவாசியில் பிறந்தவர், முன்னர் சென்னை அரசிலேயே சட்ட உறுப்பினர். வெள்ளையர் அகன்றதும் திருவிதாங்கூர் தனிநாடு என்று 1947 ஜூன் 11-ல் அறிவித்தார். சட்டப்படி அதில் நியாயம் இருந்தது என்றே எனக்குப் படுகிறது. ஆனால் 1946 அக்டோபரில் புன்னப்புராவிலும் வயலாரிலும் சொந்த ஜனங்களைச் சுட்ட அரசுக்காக யார் எழுந்து நிற்பார்கள்? ஜூலை 25-ல் சங்கீதக் கச்சேரிக்கு வந்த இடத்தில் அவரை வெட்டினார்கள். பிழைத்துக்கொண்டார். ஜூலை 30-ல் மகாராஜா இந்தியாவோடு இணையச் சம்மதித்தார். அறிவிப்பு ஐம்பது நாள்கூடத் தாங்கவில்லை.

அதன்பின் மலையின் இரு பக்கமும் ஒரே தேசம். சட்டர்ஜி தடுத்த மின்சாரத்தை 1950-களின் பிற்பகுதியில் லோயர் கேம்பில் எடுக்கத் தொடங்கினார்கள். குமுளிக்கு ஏறும் பஸ்ஸில் அந்த ராட்சதக் குழாய்களைப் பார்க்கலாம். முறையான ஒப்பந்தம் 1970-ல்தான் வந்தது. வாடகை ஏக்கருக்கு 30 ரூபாயாயிற்று. மீன் பிடிக்கும் உரிமை மலைக்கு அந்தப் பக்கம் திரும்பிப் போயிற்று.