மதுரையின் பிற்கால ரோமானியச் செப்புக் காசுகள்

மதுரை நகரிலும் வைகைப் படுகையிலும் கிடைத்துவரும், கி.பி. 4, 5ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்த ரோமானியப் பேரரசின் சில்லறைக் காசுகள் பிற்கால ரோமானியச் செப்புக் காசுகள் எனப்படுகின்றன. இவற்றின் உலோகம் செம்புடன் வெள்ளீயமும் ஈயமும் கலந்த வெண்கலம். ஆயினும் தமிழக நாணயவியலாளர் இவற்றைச் செப்புக் காசு என்றே வழங்குகின்றனர். தமிழகத்தில் மதுரையும் கரூரும் இவை மிகுதியாகக் கிடைத்த ஊர்கள். சங்க காலத்துக்குப் பின்னும் தமிழகத்தின் கடல் வாணிகம் அறுபடவில்லை என்பதற்கு இவை நேரடிச் சான்று.

பின்னணி

ரோமானியரின் தமிழக வாணிகம் என்றதும் பலரும் நினைப்பது அகஸ்டஸ், டைபீரியஸ் காலத்துத் தங்க, வெள்ளிக் காசுகளையே. கொங்கு நாட்டிலும் புதுக்கோட்டைப் பகுதியிலும் அவை புதையல்களாகக் கிடைத்துள்ளன. எடைக்கும் மாற்றுக்கும் மதிப்புப் பெற்று, சேமிப்பாகப் புதைக்கப்பட்டவை அவை. 3ஆம் நூற்றாண்டில் ரோமப் பேரரசு உள்நாட்டுக் குழப்பத்தில் சிக்கியபோது இவ்வரவு மெலிந்தது.

4ஆம் நூற்றாண்டில் நிலை மாறியது. கி.பி. 330இல் கான்ஸ்டான்டிநோபிள் புதிய தலைநகராயிற்று. செங்கடல் துறைமுகமான பெரனிக்கே மீண்டும் சுறுசுறுப்படைந்தது. ஜூலியன் பேரரசரிடம் இலங்கையிலிருந்து தூதர்கள் சென்றதை ரோமானிய வரலாற்றாசிரியர் அம்மியானஸ் மார்செல்லினஸ் பதிவு செய்துள்ளார். மதுரையில் கிடைக்கும் காசுகள் இந்த மறுமலர்ச்சியை ஒட்டியவை.

காசுகளின் அமைப்பு

கி.பி. 294ஐ ஒட்டிப் பேரரசர் டயோக்ளீஷியன் சற்றே வெள்ளி கலந்த பெரிய செப்புக் காசை அறிமுகம் செய்தார். அடுத்த தலைமுறைகளில் அதன் எடையும் வெள்ளியும் தேய்ந்துகொண்டே வந்தன. 348இல் நடந்த சீர்திருத்தமும் நிலைக்கவில்லை. 395இல் ஆர்க்கேடியஸ், ஹொனோரியஸ் பெயரில் வந்த சட்டம் பெரிய அளவுக் காசுகளைப் புழக்கத்திலிருந்து நீக்கியது. 5ஆம் நூற்றாண்டில் எஞ்சியவை பெரும்பாலும் ஒரு கிராம் அளவு எடையுள்ள, சுண்டுவிரல் நகமளவான காசுகளே.

தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் கிடைப்பவற்றில் முதலாம் தியோடோசியஸ் (379–395), ஆர்க்கேடியஸ் (383–408), ஹொனோரியஸ் (393–423), இரண்டாம் தியோடோசியஸ் (402–450) ஆகியோர் காசுகள் முக்கியமானவை. முன்புறத்தில் முத்துத் தலைப்பட்டை அணிந்த பேரரசரின் மார்பளவு உருவம் இருக்கும். பின்புறத்தில் நான்கு வகை முத்திரைகள் அதிகம் காணப்படும்:

• வெற்றித் தேவதை கைதி ஒருவனை இழுத்துச் செல்லுதல்
• வெற்றித் தேவதை பேரரசருக்கு முடி சூட்டுதல்
• மூன்று பேரரசர்கள் அருகருகே நிற்றல்
• சிலுவை

அடிப்பகுதியில் அக்கசாலையைக் குறிக்கும் எழுத்துகள் பொறிக்கப்பட்டிருக்கும். கான்ஸ்டான்டிநோபிள், அந்தியோக்கியா, அலெக்சாந்திரியா போன்ற நகரங்களை அவற்றால் அறியலாம். ஆனால் நீண்ட காலம் கைமாறியதால் பல காசுகளில் எழுத்து தேய்ந்துவிட்டது. அத்தகைய காசுகளைப் பின்புற முத்திரையைக் கொண்டே காலம் கணிக்க வேண்டும்.

கிடைத்த இடங்கள்

மதுரையில் கிடைத்தவற்றுள் பல, முறையான அகழாய்வில் வந்தவை அல்ல. வைகை மணலை அரித்துப் பழம்பொருள் தேடுவோர் வழியாக அவை வெளிவந்தன. கரூரில் அமராவதி ஆற்று மணலும் இவ்வாறே காசுகளைத் தந்தது.

இராமநாதபுரம் மாவட்டத்தில், வைகை கடல் சேரும் பகுதியில் உள்ள அழகன்குளம் தனிச் சிறப்புடையது. தமிழ்நாடு தொல்லியல் துறை 1986–87 முதல் பல கட்டங்களாக நடத்திய அகழாய்வுகளில் 4ஆம் நூற்றாண்டின் இறுதியைச் சேர்ந்த ரோமானியக் காசுகள் அங்கே கிடைத்தன. இதனால் பாக் நீரிணைக் கரையையும் மதுரையையும் வைகை வழி இணைத்த வாணிகப் பாதை தெளிவாகிறது.

ஆய்வும் விவாதமும்

இராபர்ட் சிவெல் 1904இல் இந்தியாவில் கிடைத்த ரோமானியக் காசுகளைத் தொகுத்து ஆராய்ந்தார். மதிப்புக் குறைந்த செப்புக் காசுகள் மதுரையில் இவ்வளவு கிடைப்பதால், அங்கே ரோமானிய வணிகர் குடியிருப்பு இருந்திருக்க வேண்டும் என்று அவர் கருதினார். தினமலர் நாளிதழின் ஆசிரியராக இருந்த நாணயவியலாளர் இரா. கிருஷ்ணமூர்த்தி, கரூரிலும் மதுரையிலும் கிடைத்த இக்காசுகளைப் பற்றி 1994இல் தனி நூல் வெளியிட்டார்.

குடியிருப்புக் கருத்தை இன்று அப்படியே ஏற்பது கடினம். இதே காசுகள் இலங்கையில் ஆயிரக்கணக்கில் கிடைக்கின்றன. அவற்றைப் பார்த்துச் செய்த உள்நாட்டுப் போலிகளும் அங்கே ஏராளம். அந்நிய வணிகருக்கு மட்டும் பயன்பட்ட காசை உள்ளூரில் அச்சிட வேண்டிய தேவை இராது. களப்பிரர் காலம் என்று குறிக்கப்படும் அந்நாளில், தென்னிந்திய, இலங்கைச் சந்தைகளுக்குச் சில்லறை தேவைப்பட்டது. ரோமானியக் காசு அத்தேவையை நிறைவேற்றியது என்ற விளக்கமே தேய்மானத்துக்கும் போலிகளுக்கும் ஒருசேரப் பொருந்துகிறது. பெரும் புதையல் செல்வரின் கையிருப்பைக் காட்டும்; தேய்ந்த சில்லறையோ சந்தையின் அன்றாடத்தைக் காட்டும்.

பைசாந்தியக் காலம்

498இல் அனஸ்டாசியஸ் பேரரசர் சிறு காசுகளுக்கு மாற்றாகப் பெரிய செப்புக் காசுகளை வெளியிட்டார். மதிப்பைக் காட்ட அவற்றில் கிரேக்க எழுத்துகள் பொறிக்கப்பட்டன: 40க்கு மூ, 20க்கு கப்பா, 10க்கு ஐயோட்டா. ஜஸ்டினியன் 538 முதல் ஆட்சியாண்டையும் சேர்த்தார். பைசாந்தியச் செப்பு நாணய மரபின் தொடக்கம் இதுவே. இப்புதிய காசுகள் முந்தைய சில்லறையைப் போலத் தமிழகத்தில் பரவவில்லை. தங்கம் மட்டும் தொடர்ந்து வந்தது. கர்நாடகத்தின் அக்கி ஆலூர்ப் புதையல் அதற்குச் சான்று.

பாதுகாப்பு

1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி, பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள புதையலைக் கண்டெடுத்தவர் மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும். நூறாண்டு கடந்த காசுகள் 1972ஆம் ஆண்டுச் சட்டப்படி தொல்பொருள்கள். இக்காசுகளுக்குச் சந்தை விலை குறைவு. அதனாலேயே இடம், ஆழம், உடன் கிடைத்த பொருள் எதுவும் குறிக்கப்படாமல் அவை கைமாறிப் போகின்றன. கிடைத்த இடம் பதிவாகாத காசு தன் பேரரசரை மட்டுமே சொல்லும். மதுரையைப் பற்றி எதுவும் சொல்லாது. ஆகவே ஒரு காசு கிடைத்தாலும் அதைக் கழுவித் தேய்க்காமல், இடத்தைக் குறித்துத் தொல்லியல் துறையிடம் சேர்ப்பது மதுரை வரலாற்றுக்கு ஒவ்வொருவரும் செய்யக்கூடிய பணி.